களியக்காவிளை - காற்றாடிமலை ஒருநாள் வேன் பயணம்: மூணு ஸ்டார்

புனிதர் தேவசகாயம் வாழ்ந்த இடங்களை எல்லாம் ஒரே நாளில் காட்டுகிறோம் என்று களியக்காவிளையில் ஒரு வேன் சர்வீஸ், தலைக்கு 900 ரூபாய், அம்மாவையும் கூட்டிக்கொண்டு போன ஞாயிற்றுக்கிழமை ஏறினோம். 6 மணி என்றார்கள், கிளம்பும்போது ஏழேகால். மார்த்தாண்டம் வருவதற்குள் ஏசி படுத்துவிட்டது.

நட்டாலத்தில், அவர் பிறந்த ஊரில், பத்தே நிமிஷம். அவர் முட்டியால் இடித்துத் தண்ணீர் வந்தது என்று சொல்லப்படும் புலியூர்க்குறிச்சி முட்டிடிச்சான் பாறையில் தண்ணீர் பிடிக்க மட்டும் அரைமணி நேரம் தந்தார்கள். பக்கத்திலேயே இருக்கிற உதயகிரிக் கோட்டையை, "அது சும்மா பார்க்கு அண்ணே" என்று தாண்டிப்போகப் பார்த்தார் டிரைவர், நான் விடவில்லை. டிலனாய் கல்லறை அங்கேதான் இருக்கிறது.

1741 குளச்சல் போரில் டச்சுக்காரர் பக்கம் நின்று திருவிதாங்கூர் அரசர் மார்த்தாண்ட வர்மாவிடம் பிடிபட்டு, பிறகு அவர் படைக்கே பயிற்சி கொடுத்துத் தளபதியானவர் டிலனாய். அரண்மனை ஊழியரான நீலகண்ட பிள்ளைக்கு பைபிளில் எவ்வளவு துன்பம் வந்தும் நம்பிக்கையை விடாத யோபுவின் கதையைச் சொன்னது இவர்தான் என்பார்கள். கேட்டவர் 1745இல் வடக்கன்குளத்தில் ஞானஸ்நானம் வாங்கித் தேவசகாயமாகி, 1749இல் கைதாகி, 1752 ஜனவரி 14 அன்று காற்றாடிமலையில் சுடப்பட்டார் (காரணம் மதம் இல்லை, ராஜதுரோகம் என்று வாதாடுபவர்களும் உண்டு). சொன்னவரோ 1777இல் சாகும்வரை திருவிதாங்கூர் படையிலேயே இருந்தார். அரசர் மட்டும் பக்தியில் குறைந்தவரா என்ன, 1750இல் நாட்டையே பத்மநாபசுவாமிக்கு ஒப்படைத்துவிட்டு அவருடைய தாசனாக ஆண்டவர். "மூணு பேரும் சாமி கும்பிட்டவங்கதானே" என்றாள் அம்மா, கல்லறையைப் பார்த்துக்கொண்டே.

தேவசகாயத்துக்காக டிலனாய் அரசரிடம் ஒரு வார்த்தை பேசிப்பார்த்தாரா, பேசியும் எடுபடவில்லையா, இல்லை வேலை போய்விடும் என்று வாயை மூடிக்கொண்டாரா, கைடு இதையல்லவா பேசவேண்டும்? கேட்டேன், சிரித்துவிட்டு அடுத்த அற்புதத்துக்குப் போய்விட்டார். 2022இல் புனிதர் பட்டம் கொடுத்தபோது 'பிள்ளை' என்ற சாதிப் பெயரை வாட்டிகனே விட்டுவிட்டது, கைடோ நாள் முழுக்க பிள்ளை பிள்ளை என்றே சொன்னார்.

மத்தியானம் மரச்சீனிக்கிழங்கும் மீன்குழம்பும் அருமை, அதற்கே ஒரு ஸ்டார். கோட்டாறு பேராலயத்தில், தேவசகாயத்தை அடக்கம் செய்த இடத்தில், நல்ல கூட்டம். காற்றாடிமலைக்குச் சாயங்காலம் போனதால் வெயில் இல்லை. மணியடிச்சான் பாறையை அம்மா கல்லால் தட்டினாள், நிஜமாகவே மணிச்சத்தம்தான், கீழே டிரைவர் ஹாரன் அடித்துக்கொண்டே இருந்தார். அப்புறம், திங்கட்கிழமை மட்டும் புக் பண்ணாதீர்கள், வழியில் இருக்கிற பத்மநாபபுரம் அரண்மனைக்கு அன்று லீவு.