மணலுக்கு நாற்பது மடங்கு போதும்: ஒரு ஸ்டீரியோ நுண்ணோக்கியுடன் ஓராண்டு

வேலூரில் ஆய்வகக் கருவிகள் விற்கும் ஒரு கடையில் சென்ற ஆண்டு ரூ.9,500 கொடுத்து இந்த இருகண் ஸ்டீரியோ நுண்ணோக்கியை வாங்கினேன். கண்ணருகு வில்லை 10 மடங்கு, பொருளருகு வில்லைகள் 2 மடங்கும் 4 மடங்கும். ஆகவே 20 மடங்கு, 40 மடங்கு என்னும் இரண்டு அளவுகளில் மட்டுமே இது காட்டும். "ஆயிரம் மடங்கு காட்டுற மைக்ராஸ்கோப்பே இதைவிடக் கம்மி விலைக்கு இருக்கே டீச்சர், இது பத்துமா?" என்று கடைக்காரர் அக்கறையோடு கேட்டார். "பாலாத்து மணல் பாக்கத்தாங்க அண்ணா, இதுவே பத்தும்" என்றேன். ஓராண்டு பயன்படுத்திய பிறகும் அதையேதான் சொல்வேன்.

மணல் என்று நிலவியலார் சொல்வது 2 மில்லிமீட்டருக்கும் ஒரு மில்லிமீட்டரில் பதினாறில் ஒரு பங்குக்கும் இடைப்பட்ட மணிகளை. பள்ளி ஆய்வகத்தில் வெங்காயத் தோலைப் பார்க்கும் நுண்ணோக்கியில் ஒளி கீழிருந்து வருவதால், தடித்த மணற்பரல் அதில் பெரும்பாலும் கருத்த நிழலாகவே தெரியும். 100 மடங்குக்கு மேல் போனால் பரலின் ஒரு மெல்லிய அடுக்கு மட்டும் தெளிந்து, மற்றதெல்லாம் மங்கிவிடும். இந்தக் கருவியில் ஒளி மேலிருந்து விழுகிறது, இரண்டு கண்ணும் சேர்ந்து பார்க்கின்றன, பரல் பருமனோடு எழுந்து நிற்கிறது. 20 மடங்கில் ஏறத்தாழ 10 மில்லிமீட்டர் அகலமும், 40 மடங்கில் அதில் பாதியும் பார்வைக்குள் அடங்கும். அரை மில்லிமீட்டர்ப் பரல் ஒன்று 40 மடங்கில் பெரிய புளியங்கொட்டை அளவுக்குத் தெரிகிறது. முனை, பள்ளம், கீறல் எல்லாவற்றையும் படித்தறிய அந்த அளவு தாராளம்.

கருவியோடு வரும் மேடைத் தட்டின் ஒரு முகம் வெள்ளை, மறுமுகம் கறுப்பு. மணலுக்குக் கறுப்பு முகமே உகந்தது. காட்பாடிப் பாலத்துக்குக் கீழே எடுத்த ஒரு பிடி மணலை டம்ளரில் போட்டு, கலங்கல் நீரை வடித்து வடித்து, தண்ணீர் தெளியும்வரை கழுவி உலர்த்தினேன். பிறகு காகிதம் சுற்றிய காந்தத்தை மேலே ஓட்டியதும் மாக்னடைட் என்னும் கறுப்பு இரும்புத் தாதுப் பரல்கள் காகிதத்தில் மீசை போல ஒட்டிக்கொண்டன. எஞ்சியதைக் கறுப்புத் தட்டில் தூவிப் பார்த்தால், நம் ஊரில் வெங்கச்சங்கல் என்று சொல்லும் குவார்ட்ஸே பெரும்பங்கு. கண்ணாடிபோல் தெளிந்தவை, பால்போல் மங்கியவை, இரும்புக்கறை படிந்து மஞ்சளித்தவை என அதிலேயே பல வகை. சீராகப் பிளக்கும் தளம் குவார்ட்ஸுக்குக் கிடையாது. ஆகவே உடைந்த முகத்தில் சிப்பியின் உட்புறம் போன்ற வளைந்த அலைவரிகள் தெரிகின்றன. அருகில் கிடக்கும் ஃபெல்ஸ்பார் என்னும் இன்னொரு கனிமப் பரலை ஊசிமுனையால் மெல்லப் புரட்டினால், தட்டையான பிளவு முகம் ஒரு கணம் கண்ணாடிச் சில்லு போலப் பளிச்சிட்டு அணைகிறது. இந்த ஒரு வேறுபாட்டை வைத்தே என் ஒன்பதாம் வகுப்புப் பிள்ளைகள் இரண்டையும் பிரித்துவிடுகிறார்கள். காக்காப்பொன் தகடுகளையும் இளஞ்சிவப்புக் கார்னெட் பரல்களையும் யாரும் சொல்லித்தர வேண்டியதேயில்லை.

நான் மிகவும் நேரம் செலவிட்டது பரல்களின் முனைகளில்தான். பவர்ஸ் என்பவர் 1953இல் வெளியிட்ட ஒப்பீட்டுப் படம், மிகக் கூரிய முனையுள்ள பரல் முதல் நன்கு உருண்ட பரல் வரை ஆறு படிகளாக மணலைப் பிரிக்கிறது. பாலாறு நந்தி மலைப் பகுதியில் தோன்றி 348 கிலோமீட்டர் ஓடி, வயலூர் அருகே கடலில் கலக்கிறது. இவ்வளவு தூரம் உருண்ட மணல் வழவழப்பாக இருக்கும் என்றே நானும் எண்ணியிருந்தேன். ஆனால் வேலூரில் எடுத்த பரல்களில் பெரும்பாலானவை முனை சற்றே மழுங்கியவை, அவ்வளவுதான். ஜவ்வாது மலைச் சரிவுகளிலிருந்து இறங்கும் ஓடைகளும் புதுப் பரல்களைக் கொண்டுவந்து சேர்க்கின்றன என்பது ஒரு காரணம். கனிமங்களின் கடினத்தை 1 முதல் 10 வரை அளக்கும் மோஸ் அளவில் 7 கடினம் உள்ள குவார்ட்ஸை ஆற்றுநீர் மிக மெதுவாகவே தேய்க்கிறது என்பது இன்னொன்று. காற்று அடித்துச் செல்லும் மணல் ஆற்று மணலைவிடப் பன்மடங்கு விரைவாக முனை மழுங்கி உருண்டையாகிறது என்று டச்சு நிலவியலாளர் கியூனன் 1960ஐ ஒட்டிய ஆண்டுகளில் சோதனை மூலம் காட்டினார். தூத்துக்குடிப் பக்கத்துத் தேரி என்னும் செம்மணல் மேட்டு மணலில் ஒரு சிட்டிகையை உறவினர் ஒருவர் கொண்டுவந்தபோது, செந்நிற இரும்புப் பூச்சும் மழுங்கிய முனையுமாக அது பாலாற்று மணலிலிருந்து அடியோடு வேறுபட்டுத் தெரிந்தது. கட்டடம் கட்டும் இடத்தில் எடுத்த, கல்லை உடைத்துச் செய்யும் எம்-சாண்ட் இதற்கு நேர் எதிர்: எல்லா விளிம்பும் கத்திபோல் கூர்மை, குவார்ட்ஸும் ஃபெல்ஸ்பாரும் பிரியாமல் ஒட்டியிருக்கும் பரல்கள், மேலெல்லாம் கல்மாவு.

கருவியின் கீழ்விளக்கு குறைந்த வெளிச்சம்தான் தருகிறது, ஆனால் அதற்கும் ஒரு நல்ல பயன் உண்டு. மேடையின் தேய்த்த கண்ணாடிக்கு மேலே ஒரு போலராய்டு தாளை (ஒரே திசையில் அதிரும் ஒளியை மட்டும் விடும் தாள்) வைத்து, பொருளருகு வில்லைக்கு அடியில் இன்னொன்றைக் குறுக்காகப் பிடித்தால் பின்னணி இருண்டுவிடும். குவார்ட்ஸ் பரல்கள் விளிம்பிலிருந்து உள்நோக்கி வண்ண வளையங்களோடு ஒளிரும்; கண்ணாடி இப்படி ஒளிராது. கீழ்த்தாளைத் தேய்த்த கண்ணாடிக்கு அடியில் வைத்துவிடக் கூடாது, ஒளி சிதறி எல்லாம் கெட்டுவிடும். பிளாஸ்டிக் தட்டும் ஆகாது, அது தன் நிறங்களையே காட்டும். மாணவி ஒருத்தி மரகதம் என்று நம்பி எடுத்து வைத்திருந்த பச்சைப் பரல், எப்படித் திருப்பினாலும் இருட்டாகவே இருந்தது. "டீச்சர், இது பாட்டில் துண்டு டீச்சர்" என்று அவளே கண்டுபிடித்துச் சொன்னாள். மருந்துக்கடையில் கிடைக்கும் கிராம்பு எண்ணெயில் ஒரு சொட்டு விட்டுப் பார்ப்பதும் எனக்கு மிகப் பிடித்தது. அதன் ஒளிவிலகல் எண் ஏறத்தாழ 1.53, குவார்ட்ஸுக்கு 1.54, இரண்டும் நெருங்கியிருப்பதால் பரலின் விளிம்பு கரைந்துபோய், உள்ளே சிக்கியிருக்கும் நுண்குமிழ்கள் புகைக்கோடுகளாகத் தெரிகின்றன. ஆற்றில் மோதியதால் பரலின் மேல் உண்டாகும் நுண்ணிய V வடிவக் குழிகளுக்கு மட்டும் எலக்ட்ரான் நுண்ணோக்கிதான் வேண்டும்.

குறைகளுக்கு வருகிறேன். மேல்விளக்கு ஒரே கோணத்தில் பொருத்தப்பட்டிருப்பதால் ஈரமான பரல்கள் கண்ணைக் கூசச் செய்கின்றன. அதை அணைத்துவிட்டு, படிக்கும் மேசை விளக்கை ஏறத்தாழக் கிடையாகச் சாய்த்து, முன்னால் ஒரு டிரேசிங் தாளைப் பிடித்தால்தான் பரலின் மேற்பரப்பு உள்ளபடி தெரிகிறது. இதைவிடப் பெரிய தொல்லை நான்காம் மாதத்தில் வந்தது. குவியத் திருகு தளர்ந்து, கையை எடுத்ததும் தலைப்பகுதி தானாகவே மெல்லக் கீழிறங்கிவிடும். பார்த்துக்கொண்டிருக்கும்போதே பரல் மங்கிப்போகும். கடையில் கொடுத்தேன்; மூன்று வாரம் வைத்திருந்து அப்படியே திருப்பிக் கொடுத்தார்கள். எங்கள் பள்ளி ஆய்வக உதவியாளர் அண்ணன்தான் இரு பக்கத் திருகுகளையும் ஒரே நேரத்தில் எதிரெதிர் திசையில் இறுக்கிக் காட்டினார், அன்றோடு சரியாகிவிட்டது. பெட்டியில் இருந்த ஒற்றைத்தாள் கையேட்டில் இதைப் பற்றி ஒரு வரிகூட இல்லை.

வாங்கப் போகிறவர்கள் கழுவி உலர்த்திய ஆற்று மணலில் ஒரு சிட்டிகையைக் காகிதத்தில் மடித்துக் கடைக்கே எடுத்துச் செல்லுங்கள். கறுப்புத் தட்டில் தூவி, 40 மடங்கில் ஒரே பரலைக் குவியப்படுத்திவிட்டு, கையை எடுத்து இரண்டு நிமிடம் காத்திருங்கள். பரல் தெளிவாகவே இருந்தால் பணத்தைக் கொடுக்கலாம்.