ஓடிஜி அடுப்பில் ஃபிரெஞ்சு ஃப்ரைஸ், நமுத்துப் போகாமல்

எண்ணெய்ச் சட்டியில் பொரித்தெடுத்தது போலவே ஓடிஜி (ஓவன்-டோஸ்டர்-கிரில்லர்) எனும் மின் அடுப்பிலும் ஃபிரெஞ்சு ஃப்ரைஸ் வந்துவிடும் என்று நம்பித் தொடங்குபவர்கள் பெரும்பாலும் ஓரிரு முயற்சிகளோடு அதைக் கைவிட்டுவிடுகிறார்கள். மேலே தோல் போல் இழுபடுகிறது, உள்ளே சொதசொதவென்று இருக்கிறது, நுனி கருகி நடுப்பகுதி வெளுத்துக் கிடக்கிறது என்று குறை சொல்லி, கடைசியில் பழியை அடுப்பின் தலையில் போட்டுவிடுவார்கள். பெங்களூரு அல்சூரில் எங்கள் வீட்டுச் சமையலறையில் பல ஆண்டுகளாக இதைத் தொடர்ந்து செய்து வருவதில் எனக்கு உறுதியாகத் தெரிந்தது, அடுப்புக்கு இதில் உள்ள பங்கு பலரும் நினைப்பதைவிடச் சிறியது என்பதுதான். எந்தக் கிழங்கு, அது எங்கே கிடந்து வந்தது, அடுப்புக்குள் போகும் முன் அதன் ஈரத்தில் எவ்வளவு வெளியேறியது என்ற மூன்றும்தான் மொறுமொறுப்பை முடிவு செய்கின்றன.

கிழங்கிலிருந்தே தொடங்குகிறேன். உருளைக்கிழங்கின் எடையில் ஐந்தில் நான்கு பங்கு தண்ணீர். மீதமுள்ளது பெரும்பாலும் மாவுச்சத்து. ஃப்ரைஸுக்கு எடுக்கும் கிழங்கில் இந்த உலர்பகுதி 20 சதவீதத்துக்குக் குறையக் கூடாது. சிம்லாவிலுள்ள மத்திய உருளைக்கிழங்கு ஆராய்ச்சி நிறுவனம் உருவாக்கிய இரகங்களில் குஃப்ரி ஃப்ரைசோனா இதற்கென்றே வந்தது. 1998-இல் வெளியான குஃப்ரி சிப்சோனா-1 சிப்ஸ் தொழிலுக்காக வந்தது. இவை தொழிற்சாலைகளை நோக்கிப் போகின்றனவே தவிர, நம் தெருமுனைக் கடைக்குப் பெயரோடு வருவதில்லை. ஹாசன் பக்கத்து வயல்களில் பரவலாகப் பயிராகும் குஃப்ரி ஜோதி 1968-இல் வெளியான பழைய இரகம். குழம்புக்கும் பொரியலுக்கும் அருமையானது, ஃப்ரைஸுக்கோ சுமார்தான். ஊட்டிக் கிழங்கின் ருசி எனக்கு மிகவும் பிடிக்கும், ஆனால் அந்த விலைக்கு அதை நீளவாக்கில் நறுக்கிச் சுட மனம் வருவதில்லை.

இரகத்தைவிடப் பெரிய சிக்கல் குளிர்பதனக் கிடங்கு. வட இந்தியாவில் ஜனவரி முதல் மார்ச் வரை தோண்டியெடுக்கப்படும் கிழங்கு, ஆண்டின் பிற்பகுதி வரை விற்பதற்காக, 2 முதல் 4 டிகிரி செல்சியஸ் குளிரில் அடுக்கி வைக்கப்படுகிறது. அந்தக் குளிரில் கிழங்கின் மாவுச்சத்தில் ஒரு பகுதி குளுக்கோஸாகவும் ஃப்ரக்டோஸாகவும் மாறிவிடும். அப்படி இனிப்பேறிய கிழங்கு சூட்டில் வெகுவேகமாகப் பழுப்பேறுவதால், உள்ளிருக்கும் ஈரம் வற்றி மேற்புறம் மொறுமொறுப்பாகும் முன்பே நிறம் முந்திக்கொள்கிறது. கருகிவிடுமோ என்று பயந்து வெளியே எடுத்தால் ஐந்தே நிமிடத்தில் நமுத்துப் போகிறது. சிப்ஸ் தொழிற்சாலைகளுக்கான கிழங்கை 10 முதல் 12 டிகிரியில் தனியாகச் சேமிப்பதும் இதனால்தான். புற்றுநோயை உண்டாக்கக்கூடும் என்று கருதப்படும் அக்ரிலமைடு என்ற வேதிப்பொருள் பற்றி 2002-இல் சுவீடன் ஆய்வாளர்கள் வெளிப்படுத்திய சிக்கலும் இதனோடு சேர்ந்ததே. கிழங்கிலுள்ள அஸ்பாரஜின் என்ற அமினோ அமிலமும் இந்தச் சர்க்கரைகளும் 120 டிகிரிக்கு மேல் சேரும்போது அது உருவாகிறது. பழுப்பு கூடக் கூட அதுவும் கூடும். ஆகவே பொன்னிறத்தில் நிறுத்துவது அழகுக்காக மட்டும் சொல்லப்படுவதில்லை.

அல்சூர் மார்க்கெட்டில் நான் வழக்கமாக வாங்கும் கடைக்காரர் ஆக்ரா, இந்தூர், ஹாசன், கோலார் என்று ஊர்ப்பெயரைச் சொல்லியே கிழங்கைப் பிரித்துக் காட்டுவார். ஃப்ரைஸ் என்று காரணத்தைச் சொல்லிக் கேட்டால், "அக்கா, இது கோல்டு ஸ்டோரேஜ் சரக்கு, சீக்கிரம் சிவந்துடும், அடுத்த லோடு வரட்டும்" என்று அவரே தடுத்துவிடுவதும் உண்டு. பிப்ரவரி முதல் ஏப்ரல் வரை வரும் புது ஆக்ரா, இந்தூர்க் கிழங்குதான் என் அனுபவத்தில் மிகச் சிறந்தது. மழைக்காலத்தில் வரும் ஹாசன் கிழங்கு அவ்வளவு சீக்கிரம் சிவக்காது, ஆனால் நீர்ச்சத்து அதிகம். அக்டோபர், நவம்பரில் கிடைக்கும் பழைய கிடங்குச் சரக்கைத் தவிர்ப்பது நல்லது. வேறு வழியில்லையென்றால், அதை வெளிச்சம் படாத கூடையில் இரண்டு மூன்று வாரம் வெளியே வைத்தால் சர்க்கரையில் ஒரு பகுதி மீண்டும் மாவுச்சத்தாகிவிடும். பெங்களூரின் தட்பவெப்பம் இதற்குத் தோதானது. முளை விட்டதையும் பச்சை பாய்ந்ததையும் மட்டும் கழித்துவிட வேண்டும்.

கிழங்கைச் சோதித்துப் பார்க்க ஓர் எளிய வழி இருக்கிறது. ஒரு லிட்டர் தண்ணீரில் ஏறக்குறைய 120 கிராம் உப்பைக் கரைத்து முழுக் கிழங்கைப் போட்டால், மாவுச்சத்து மிகுந்தது மூழ்கும், நீர் மிகுந்தது மிதக்கும். ஒரே கடையில் ஒரே குவியலில் எடுத்த கிழங்குகளிலேயே சில மூழ்கிச் சில மிதப்பதைப் பார்த்த பிறகு, மூழ்கியதை ஃப்ரைஸுக்கும் மிதந்ததைச் சாம்பாருக்கும் ஒதுக்குவது எங்கள் வீட்டு வழக்கமாகிவிட்டது.

ஒரு சென்டிமீட்டர் தடிமனில் ஒரே சீராக நறுக்குவது அவசியம். மெல்லியதும் தடித்ததும் கலந்திருந்தால் ஒன்று வேகும் முன் மற்றொன்று கருகும். நறுக்கியதைக் கலங்கல் தெளியும் வரை இரண்டு மூன்று தண்ணீரில் அலசினால் மேலே ஒட்டியிருக்கும் மாவும் சர்க்கரையும் போய்விடும். பலரும் இதோடு நிறுத்திக்கொண்டு அடுப்புக்குப் போய்விடுகிறார்கள். நானோ, அரைவேக்காடு வேகவைக்காமல் ஓடிஜியில் நல்ல ஃப்ரைஸ் வராது என்று சொல்வேன். பச்சைக் கிழங்கை நேரே சுட்டால், உள்ளே வெந்து முடிவதற்குள் மேற்புறம் காய்ந்து தடித்த தோலாகிவிடுகிறது. முதலில் நீரில் வெந்த கிழங்கின் மேற்புறத்தில் மாவுச்சத்து கூழாகி, ஆறியதும் இறுகி ஒரு மெல்லிய ஓடாகிறது. பின்னர் அடுப்பில் முறுகுவது அந்த ஓடுதான்.

ஒரு லிட்டர் தண்ணீருக்கு ஒரு மேசைக்கரண்டி வினிகரும் இரண்டு தேக்கரண்டி உப்பும் சேர்க்கிறேன். புளிப்பு, கிழங்கின் செல்களைப் பிணைத்து வைக்கும் பெக்டினைக் கரையவிடாமல் காப்பதால், துண்டுகள் எட்டுப் பத்து நிமிடம் கொதித்தாலும் உடையாது. சமையல் சோடா சேர்க்கச் சொல்பவர்களும் உண்டு. அது பெக்டினைக் கரைத்து மேற்புறத்தைச் சொரசொரப்பாக்கும். பெரிய துண்டங்களுக்கு அது நன்றாகவே வேலை செய்கிறது, விரல் பருமனுள்ள துண்டுகளோ அதில் கூழாகிவிடும். பெங்களூருக்கென்று இரண்டு விஷயங்களைச் சொல்ல வேண்டும். ஏறக்குறைய 900 மீட்டர் உயரத்தில் இருப்பதால் இங்கே தண்ணீர் 97 டிகிரியிலேயே கொதித்துவிடுகிறது; சென்னை உறவினர் சொல்லும் நேரத்தோடு ஒரு நிமிடம் கூட்டிக்கொள்ளலாம். அடுத்தது, காவிரித் தண்ணீர் வராத நாளில் போர்வெல் தண்ணீரிலோ டேங்கர் தண்ணீரிலோ வேகவைத்தால், அதிலுள்ள கால்சியம் பெக்டினை இறுக்குவதால் கிழங்கு வேக அடம்பிடிக்கும். கடிகாரத்தைவிடக் கத்தி முனையை நம்புவதே மேல்: குத்தினால் தடையின்றி இறங்க வேண்டும், தூக்கினால் துண்டு தொங்காமல் நிமிர்ந்து நிற்க வேண்டும்.

வடித்தவுடன் மூடி வைக்கக் கூடாது. அகலமான தட்டில் பருத்தித் துணியை விரித்து, ஒன்றன் மேல் ஒன்று படாமல் பரப்பி, மின்விசிறிக்குக் கீழே அரை மணி நேரம் விட்டால், பளபளவென்றிருந்த மேற்புறம் மங்கி வெளுத்து, விரலால் தொட்டால் மாவு பூசியது போலச் சற்றே பிசுபிசுக்கும். அந்தப் பதம் வந்தால்தான் ஈரம் போனதாக அர்த்தம். இந்த அரை மணி நேரத்தைச் சுருக்கும் எந்தக் குறுக்குவழியும் எனக்குப் பலன் தரவில்லை. அதன்பிறகு அரை கிலோ கிழங்குக்கு ஒன்றரை மேசைக்கரண்டி எண்ணெயும் இரண்டு தேக்கரண்டி அரிசி மாவும் போட்டு, பாத்திரத்தைக் குலுக்கிக் கலக்க வேண்டும். சோளமாவும் பயன்படும், ஆனால் ஆறிய பிறகும் மொறுமொறுப்பு நிலைப்பது அரிசி மாவில்தான். பஜ்ஜி மாவில் அதைச் சேர்ப்பவர்களுக்கு இது புதிதாக இருக்காது. செக்கு எண்ணெய்ப் பிரியர்கள் என்னை மன்னிக்க வேண்டும்: செக்குக் கடலை எண்ணெய் 160 டிகிரி அளவிலேயே புகையத் தொடங்கிவிடுவதால் இந்தச் சூட்டுக்கு ரீஃபைண்டு எண்ணெயே ஏற்றது.

இனி அடுப்பு. ஓடிஜியின் திருகில் 220 என்று வைத்தால் உள்ளே 220 இருக்கும் என்று எண்ண வேண்டாம். சில நூறு ரூபாய்க்குக் கிடைக்கும் ஓவன் தெர்மோமீட்டர் ஒன்றை உள்ளே தொங்கவிட்டுப் பார்த்தபோது, எங்கள் அடுப்பில் 195-ஐத் தாண்டவில்லை. அன்றிலிருந்து திருகை 240-இல்தான் வைக்கிறேன். மேல் கம்பி, கீழ்க் கம்பி இரண்டும் எரிய வேண்டும், காற்றாடி சுழல வேண்டும், தட்டையும் உள்ளேயே வைத்துக் கால் மணி நேரம் சூடேற்ற வேண்டும். காய்ந்த தட்டில் கிழங்கைப் பரப்பும்போது தோசைக்கல்லில் தண்ணீர் தெளித்தது போலச் சுரீரென்று சத்தம் வர வேண்டும். வராவிட்டால் தட்டு இன்னும் காயவில்லை, கிழங்கு அதில் ஒட்டிக்கொள்ளும். பார்ச்மென்ட் தாள் விரித்தால் கழுவும் வேலை குறையும், அடிப்பக்க முறுகலும் குறையும். துண்டுகளுக்கிடையே விரற்கடை இடைவெளி இல்லாவிட்டால் அவை தம் ஆவியிலேயே வெந்துவிடும். எங்கள் அடுப்பின் ஒரு தட்டுக்கு அரை கிலோவே உச்சம். இருபது நிமிடம் கழித்து இடுக்கியால் ஒவ்வொன்றாகத் திருப்ப வேண்டும். அதற்கு முன் திருப்பினால் மேல் ஓடு தட்டோடு போய்விடும். அதன்பிறகு பன்னிரண்டு முதல் பதினைந்து நிமிடம், கடைசி இரண்டு நிமிடம் கதவைச் சற்றே திறந்து ஆவியை வெளியேற்றியபடி. உப்பையும் மிளகாய்த் தூளையும் வெளியே எடுத்த பிறகே தூவ வேண்டும், முன்பே சேர்த்தால் உப்பு நீரை இழுக்கும், மிளகாய் கருகிக் கசக்கும். பூண்டு சேர்த்த இட்லிப் பொடியைத் தூவுவது எங்கள் வீட்டுப் பிள்ளைகளின் கண்டுபிடிப்பு. அதை நானும் வழிமொழிகிறேன்.

கிடைப்பதை நேர்மையாக மதிப்பிட்டால், இது எண்ணெயில் பொரித்த ஃப்ரைஸ் அல்ல. பொரித்ததில் ஓடு கண்ணாடி போல் உடையும். இதில் ஓடு சற்றுத் தடிமன், கிழங்கின் ருசி தூக்கலாக இருக்கும், கையில் எண்ணெய் ஒட்டாது. கடைகளில் பொரித்து விற்பதில் கொழுப்பு ஏறக்குறைய 15 சதவீதம் இருக்கும். இதில் அதில் பாதிதான். ஓடிஜிக்கு ஏற்றது என்று உறைநிலையில் பாக்கெட்டில் விற்பவற்றையும் வாங்கிப் பார்த்திருக்கிறேன். அவை எளிதாக மொறுமொறுப்பாவதில் வியப்பில்லை, தொழிற்சாலையிலேயே வெந்நீரில் வாட்டி, உலர்த்தி, எண்ணெயில் பாதி பொரித்துத்தான் உறையவைக்கிறார்கள். அவசரத்துக்கு அவை போதும். விருந்தாளிகள் எட்டுப் பேர் வரும் நாளில் ஓடிஜியை நம்பாமல் எண்ணெய்ச் சட்டியை ஏற்றுவதே உத்தமம், ஏனென்றால் இரண்டாவது தட்டு வேகும் முன் முதல் தட்டு ஆறிவிடும். ஏர் ஃபிரையர் வைத்திருப்பவர்களுக்கு நேரம் மூன்றில் ஒரு பங்கு மிச்சமாகும், ஆனால் அதன் கூடை இன்னும் சிறியது.

அடுப்பின் தேய்மானத்தையும் சொல்ல வேண்டும். அடிக்கடி 200 டிகிரிக்கு மேல் ஓட்டியதில் கூடவே வந்த மெல்லிய அலுமினியத் தட்டு கோணி, எண்ணெய் ஒரு மூலையில் தேங்கத் தொடங்கியது; தடித்த தட்டு தனியாக வாங்கிய பிறகு அடிப்பக்கம் சீராகச் சிவக்கிறது. கதவின் ஸ்பிரிங் தளர்ந்து இடைவெளி விழுந்தபோது, நிறுவனத்தின் சேவை மையம் வாரக்கணக்கில் அலைக்கழித்ததால் தெருவிலிருந்த மெக்கானிக்கிடம் சரிசெய்துகொண்டோம். மின்கட்டணம் பயந்த அளவுக்கு இல்லை: 1500 வாட் அடுப்பு முழு ஒரு மணி நேரம் இடைவிடாமல் எரிந்தாலும் ஒன்றரை யூனிட்தான், தெர்மோஸ்டாட் இடையிடையே நிறுத்துவதால் அதுவும் ஆகாது. ஆனால் 16 ஆம்பியர் பிளக்கில்தான் செருக வேண்டும்.

வேலைநாள் மாலையில் இவ்வளவையும் செய்ய நேரமிருக்காது என்பவர்கள், ஞாயிறன்று இரண்டு கிலோவை அரைவேக்காடு வேகவைத்து, உலர்த்தி, எண்ணெயில் புரட்டி, தட்டில் தனித்தனியாகப் பரப்பி உறையவைத்து, பிறகு பையில் சேர்த்து ஃப்ரீசரில் வைத்துக்கொள்ளலாம். உறையும்போது உருவாகும் பனித்துகள்கள் செல்சுவர்களை உடைத்துவிடுவதால் உள்பகுதி அன்றன்று செய்வதைவிடப் பூப்போல வருகிறது. கரையவிடாமல் அப்படியே காய்ந்த தட்டில் போட வேண்டும், ஐந்து நிமிடம் கூடுதலாகும், அரிசி மாவை மட்டும் போடுவதற்குச் சற்று முன் தூவிக்கொள்ள வேண்டும்.