படை உடன்படிக்கையா, கூட்டாண்மையா? இந்தியா–ஜப்பானுக்கு எது பொருந்தும்

அமெரிக்கா–ஜப்பான் போல இந்தியாவும் ஜப்பானும் உடன்படிக்கை போட வேண்டுமா, இப்போதைய கூட்டாண்மையே போதுமா? பலர் குழம்பும் இடம் இது.

கடமை
உடன்படிக்கை: அமெரிக்காவும் ஜப்பானும் செய்த 1960 ஒப்பந்தத்தின் 5-ஆம் பிரிவுப்படி, ஜப்பான் நிர்வாகத்திலுள்ள பகுதி தாக்கப்பட்டால் இருவரும் எதிர்கொள்ள வேண்டும்.
கூட்டாண்மை: போர்க் கடமை கிடையாது.

செலவு
உடன்படிக்கை: அந்நியத் தளங்களுக்கு நிலம் தர வேண்டும். ஜப்பான் நிலப்பரப்பில் தெற்கிலுள்ள ஒகினாவா மாகாணம் வெறும் 0.6%, அமெரிக்கப் படைகளுக்கென்றே ஒதுக்கிய தளப்பரப்பில் சுமார் 70% அங்கேதான். அந்த மக்கள் சுமப்பது அநியாயமான பாரம்.
கூட்டாண்மை: தளம் தேவையில்லை. 2020-ல் கையெழுத்தாகி 2021-ல் நடப்புக்கு வந்த பரஸ்பர வழங்கல் ஒப்பந்தப்படி, கூட்டுப் பயிற்சியில் ஒரு நாட்டுக் கப்பல் மற்ற நாட்டிடம் எரிபொருள், உணவு, தண்ணீர் பெறலாம். கணக்கைப் பிறகு தீர்க்கலாம்.

உறுதி
கூட்டாண்மை இங்கேதான் சறுக்குகிறது. கட்டாயம் இல்லாததால் எல்லாம் இழுபடும்: ஜப்பானின் யூஎஸ்-2 நீர்விமானத்தை இந்தியா வாங்கும் பேச்சு பல ஆண்டுகள் நடந்தும் கொள்முதல் ஆகவில்லை. இரு நாட்டுப் பிரதமர்களின் 2019 குவாஹாத்தி உச்சிமாநாடு தள்ளிப்போக, அடுத்த ஆண்டு உச்சிமாநாடு 2022 மார்ச்சில்தான் டெல்லியில் நடந்தது.

சொந்த அணு ஆயுதம் இல்லாத ஜப்பானுக்கு அமெரிக்க உடன்படிக்கை தேவை. இந்தியாவின் சிக்கலோ இமயமலை எல்லையில். ஜப்பானின் பலம் கடலில். ஆகவே இவ்விருவருக்கும் கூட்டாண்மைதான் சரி.