மீண்டும் வேலையா, ஒரே தொகையா? வேலைநீக்கப்பட்ட சேலம் தொழிலாளியின் இரு வழிகள்

முறையான விசாரணை இல்லாமலோ, செய்த தவறுக்குப் பொருந்தாத தண்டனையாகவோ வேலைநீக்கம் செய்யப்பட்ட ஒருவர் சேலத்தில் சமரசப் பேச்சுக்கு வந்து அமரும்போது, அவர் முன் இரண்டு வழிகள் இருக்கின்றன. வழக்கை நடத்தி, பணித் தொடர்ச்சியோடும், வேலையின்றி நின்ற காலத்துக்கான சம்பளமாகிய பின்சம்பளத்தோடும் மீண்டும் வேலைக்குச் செல்வது ஒன்று. நிர்வாகம் தரும் ஒரு தொகையைப் பெற்றுக் கணக்கை முடித்துக்கொள்வது மற்றொன்று. இரண்டாவதே நடைமுறைக்கு ஏற்றது என்று பலரும் எளிதாக அறிவுரை கூறுகிறார்கள். நிரந்தரத் தொழிலாளியைப் பொறுத்தவரை, முழுக் கணக்கையும் போட்டுப் பார்க்காமல் அப்படிச் சொல்வது அநீதி என்பதே என் உறுதியான கருத்து.

முதல் வழிக்குச் சட்டத்தின் துணை வலுவாகவே உள்ளது. 1947ஆம் ஆண்டின் தொழிற்தகராறுகள் சட்டத்தில் 1971இல் சேர்க்கப்பட்ட 11ஏ பிரிவு, வேலைநீக்க ஆணையை ரத்துசெய்து மீண்டும் பணியமர்த்தவும், தண்டனையைக் குறைக்கவும் தொழிலாளர் நீதிமன்றத்துக்கு அதிகாரம் தந்தது. முழுப் பின்சம்பளமே இயல்பான விதி என்று இந்துஸ்தான் டின் ஒர்க்ஸ் வழக்கில் உச்ச நீதிமன்றம் 1978இல் கூறியது. ஆயினும் அந்த வழக்கில் கிடைத்தது 75 விழுக்காடுதான். தீபாலி குண்டு சுர்வாசே வழக்கின் 2013ஆம் ஆண்டுத் தீர்ப்பு அந்த விதியை மீண்டும் நிலைநிறுத்தியது. வேறு வேலையில் வருமானம் ஈட்டவில்லை என்று தொழிலாளி தம் மனுவில் தெளிவாகச் சொல்லிவிட்டால், அதை மறுத்து நிரூபிக்கும் பொறுப்பு நிர்வாகத்துக்குச் செல்கிறது. மனுவில் அந்த ஒரு வாக்கியம் விடுபட்டால் பின்சம்பளம் வெகுவாகக் குறையக்கூடும்.

இனி கணக்குக்கு வருவோம். மாதம் 12,000 ரூபாய் பெற்று 14 ஆண்டுகள் உழைத்த ஒருவரின் வழக்கு 6 ஆண்டுகள் நடந்ததாகக் கொள்வோம். முழுப் பின்சம்பளம் 8,64,000 ரூபாய். பாதி கிடைத்தாலும் 4,32,000. சமரச மேசையில் பேசப்படும் தொகையை இதோடு மட்டும் ஒப்பிடுவதுதான் வழக்கமாக நடக்கும் பிழை. பணித் தொடர்ச்சி கிடைத்தால் வெளியே நின்ற 6 ஆண்டுகளும் பணிக்காலமாகும். அதே சம்பளத்தில் பணிக்கொடை சுமார் 96,900 ரூபாயிலிருந்து 1,38,500 ரூபாயாக உயரும். ஓய்வு வயது வரை வரவேண்டிய சம்பளம், வருங்கால வைப்பு நிதிக்கு நிர்வாகம் செலுத்தும் பங்கு, ஈ.எஸ்.ஐ. மருத்துவம் ஆகியவை இதற்கும் மேலே.

ஏற்காட்டுக் காப்பித் தோட்டங்களில் இந்தக் கணக்கு இன்னும் ஆழமானது. வேலை போனால் லயன் வீடும் (தோட்ட நிர்வாகம் தரும் வரிசை வீடு) போகும். வீடு போனால் பிள்ளைகளின் பள்ளி மாறும், அதே தோட்டத்தில் வேலை செய்யும் மனைவியோ தாயோ எங்கே தங்குவது என்ற கேள்வி எழும். 1951ஆம் ஆண்டின் தோட்டத் தொழிலாளர் சட்டம் வீட்டு வசதியை நிர்வாகத்தின் கடமையாக்கியது. ஆனால் 5 ஹெக்டேர் பரப்பும் 15 தொழிலாளர்களும் இல்லாத சிறு தோட்டங்கள் அதன் வரம்புக்குள் வரவில்லை. ஆகவே சேர்வராயன் மலையில் ஒரு தொகைக்கு ஒப்புக்கொள்ளும் முன், வீட்டை எப்போது காலி செய்ய வேண்டும் என்பதையும் அதே ஒப்பந்தத்தில் எழுதி வாங்க வேண்டும். என் பார்வையில் அது தொகையைவிட முக்கியமானது.

இரண்டாவது வழி உண்மையிலேயே பொருந்தும் இடமும் உண்டு. தினக்கூலியாகச் சில ஆண்டுகள் மட்டும் வேலை செய்தவர், ஓராண்டில் 240 நாள் பணி இருந்தும், 1947ஆம் ஆண்டுச் சட்டத்தில் 25எஃப் பிரிவாக இருந்த விதிப்படி ஒரு மாத முன்னறிவிப்போ இழப்பீடோ இன்றி நிறுத்தப்பட்டால், மீண்டும் பணிக்குப் பதில் இழப்பீடே போதும் என்று நீதிமன்றங்கள் கருதும் போக்கு அண்மைக் காலத்தில் வளர்ந்துள்ளது. பி.எஸ்.என்.எல். எதிர் புருமல் வழக்கு (2013) இதற்கு நன்கு தெரிந்த சான்று. ஆனால் அதே தீர்ப்பு, பணியில் இளையவர்களை வைத்துக்கொண்டு மூத்தவரை நிறுத்தியிருந்தால் மீண்டும் பணியே உரியது என்றும் கூறுகிறது. எனவே செக் ரோல் (வருகைப் பதிவேடு), சம்பளச் சீட்டு, வைப்பு நிதிக் கணக்கு ஆகியவற்றின் நகல்களைச் சேர்த்து வைத்திருப்பவருக்கு இங்கும் பேரம் பேசும் வலிமை இருக்கிறது. தமிழ்நாட்டில் 24 மாதங்களில் 480 நாட்கள் வேலை செய்தவரை நிரந்தரமாக்கச் சொல்லும் 1981ஆம் ஆண்டுச் சட்டமும் இந்த இடத்தில் துணைக்கு வரும்.

முதல் வழியின் பெரும் குறை காலம். அதை மறைத்துப் பயனில்லை. வென்ற பிறகும் நிர்வாகம் சென்னை உயர் நீதிமன்றத்துக்குச் செல்லலாம். அப்போது 1947ஆம் ஆண்டுச் சட்டத்தில் 17பி பிரிவாக இருந்த விதியின்கீழ், வேறு வேலையில் இல்லை என்ற உறுதிமொழிப் பத்திரத்தைத் தாக்கல் செய்து கடைசியாக வாங்கிய முழுச் சம்பளத்தைக் கோரலாம் என்பதைப் பல தொழிலாளர்கள் அறியாமலே, பசியினால் குறைந்த தொகைக்குக் கையெழுத்திடுகிறார்கள். இது தவிர்க்கக்கூடிய இழப்பு.

எந்த வழியானாலும் நாட்காட்டியைப் பார்க்க வேண்டும். 1947ஆம் ஆண்டின் பழைய சட்டத்தில் வேலைநீக்கத்தை எதிர்த்து நேரடியாக நீதிமன்றம் செல்ல 3 ஆண்டுகள் இருந்தன. அதற்குப் பதிலாக 2025 நவம்பர் 21 முதல் நடைமுறைக்கு வந்துள்ள தொழிலுறவுச் சட்டத் தொகுப்பில், தகராறு எழுந்து 2 ஆண்டுகள் கடந்தபின் சமரச நடவடிக்கையே நடத்த இயலாது. நிர்வாகம் பேசித் தீர்க்கலாம் என்று தவணை கேட்டுக்கொண்டே இருந்தாலும், சமரச மனுவை எழுத்தில் கொடுத்து ஒப்புகைச் சீட்டு பெற்ற பிறகே அந்தப் பேச்சைத் தொடர வேண்டும்.