எந்தப் பாலைவனம்? முழங்கால் வலியோடு கிளம்பும் இரண்டு ஜோடிகளுக்கு ஓர் ஒப்பீடு

வேலூரில் யாரிடமாவது பாலைவனம் பார்க்கப் போகிறோம் என்று சொல்லிப் பாருங்கள். "இங்க இல்லாத வெயிலா?" என்பார்கள். நியாயமான கேள்விதான். சித்திரையில் சத்துவாச்சாரி மொட்டை மாடியில் வடாம் பிழிந்தவர்களுக்கு வெயிலைக் காட்ட விமான டிக்கெட் எதற்கு? ஆனால் நாங்கள் போவது வெயிலுக்காக இல்லை. ராணிப்பேட்டை பெல் குவார்ட்டர்ஸில் பக்கத்துப் பக்கத்து வீட்டில் குடியிருந்த இரண்டு குடும்பம் நாங்கள். பிள்ளைகளைக் கரையேற்றிவிட்டு இப்போதுதான் சேர்ந்து ஊர் சுற்றத் தொடங்கியிருக்கிறோம். படியேறும் மலைக்கோயில் வேண்டாம், கூட்டம் வேண்டாம், பாதி நேரம் வண்டியில் உட்கார்ந்தபடியே பார்க்க வேண்டும், பேசிக்கொண்டும் போக வேண்டும். இப்படி ஒவ்வொன்றாகக் கழித்துக்கொண்டே வந்தால் கடைசியில் மிஞ்சுவது பாலைவனம்தான்.

அதில் மூன்று வழி இருக்கிறது. ஜோத்பூரிலிருந்து ஜெய்சல்மேர் வரைக்கும் தார் பாலைவனம், அங்கேயுள்ள பாலைவன தேசியப் பூங்கா. இரண்டாவது, அமெரிக்காவில் கலிஃபோர்னியா பக்கம் டெத் வேலி, ஜோஷுவா ட்ரீ. மூன்றாவது, அரிசோனா, யூட்டா பக்கம் கிராண்ட் கேன்யன், பெட்ரிஃபைட் ஃபாரஸ்ட், ஸயான், பிரைஸ் கேன்யன். பிள்ளைகள் அங்கே இருப்பதால் பின்னிரண்டும் நம் பேச்சில் வருகின்றன, இல்லாவிட்டால் இந்த ஒப்பீடே தேவையில்லை.

முதலில் மாதம்

இங்கிருந்து அமெரிக்கா போகும் பெற்றோர் பெரும்பாலும் ஏப்ரல், மே மாதத்தில்தான் கிளம்புகிறார்கள். கத்திரியிலிருந்து தப்பித்த மாதிரியும் ஆச்சு, பேரப்பிள்ளைகளுக்குப் பள்ளி விடுமுறையும் ஆச்சு. இந்தக் கணக்கு டெத் வேலிக்கு மட்டும் ஒத்துவராது. 1913 ஜூலை 10-ஆம் தேதி அங்கே ஃபர்னஸ் க்ரீக்கில் பதிவான 56.7 டிகிரி செல்சியஸ்தான் இன்றுவரை உலக சாதனையாகக் கணக்கில் இருக்கிறது. ஜூலையின் சராசரிப் பகல் வெப்பமே 47 டிகிரியை ஒட்டி. ராத்திரியும் 30-ஐ விட்டு அதிகம் இறங்காது. கடல் மட்டத்துக்குக் கீழே கிடக்கும் ஒடுக்கமான பள்ளத்தாக்கு, இரண்டு பக்கமும் உயரமான மலை. சூடான காற்று மேலே போனாலும் வெளியேற முடியாமல் திரும்பத் திரும்ப உள்ளேயே இறங்குகிறது. வேலூர் வெயிலில் வளர்ந்த உடம்பு தாங்கிக்கொள்ளும் என்ற தைரியமெல்லாம் அங்கே செல்லாது. நவம்பர் முதல் மார்ச் வரை என்றால் போகலாம். மற்ற மாதத்தில் மருமகன் ஆசையாகக் கூப்பிட்டாலும் வேண்டாம் என்று சொல்லிவிடுங்கள்.

கோடையில்தான் போக முடியும் என்பவர்களுக்கு கிராண்ட் கேன்யன் தெற்கு விளிம்பு சரி. 7,000 அடி உயரம், ஏலகிரியைப் போல இரண்டு மடங்கு. ஜூலைப் பகலிலும் பெரும்பாலும் 30 டிகிரியைத் தாண்டாது, மத்தியானத்துக்கு மேல் இடி மழை வரும், அவ்வளவுதான். ஆனால் குளுமையைக் கொடுக்கிற உயரமே மூச்சையும் வாங்கவைக்கும். பிரைஸ் கேன்யன் விளிம்பு 8,000 அடிக்கு மேல். எங்கள் நண்பருக்கு ஆஸ்துமா. ஊட்டியில் இரண்டு தெரு நடந்தாலே நின்று மூச்சு விடுகிறவர், பிரைஸில் சூரியோதயம் பார்க்கும் முனைக்கும் அஸ்தமனம் பார்க்கும் முனைக்கும் இடையே உள்ள சமதளப் பாதையைக்கூட பெஞ்ச் பெஞ்சாக உட்கார்ந்துதான் கடந்தார். இதய, நுரையீரல் தொந்தரவு உள்ளவர்கள் டாக்டரிடம் கேட்காமல் இந்த வழியைத் தேர்ந்தெடுக்கக் கூடாது.

தார் என்றால் கார்த்திகை முதல் மாசி வரை. மார்கழி, தை ராத்திரியில் ஏழெட்டு டிகிரிக்கு இறங்கிவிடும். ஸ்வெட்டரும் மங்கி கேப்பும் கட்டாயம்.

யார் ஓட்டுவது?

என்னைக் கேட்டால் முடிவு செய்ய வேண்டியது இந்த இடத்தில்தான். எந்த மலை அழகு, எந்த மணல் அழகு என்பதெல்லாம் அப்புறம்.

அமெரிக்காவில் மகனோ மருமகனோ ஓட்டினால், அவர்களுக்கு லீவு கிடைக்கும் நீண்ட வார இறுதியில்தான் போக வேண்டும். அந்த நாளில்தான் மொத்த அமெரிக்காவும் அதே பூங்கா வாசலில் நிற்கும். நாமே ஓட்டலாம் என்றால் ஆர்.டி.ஓ. அலுவலகத்தில் சர்வதேச ஓட்டுநர் அனுமதி வாங்கிக்கொள்ளலாம், ஒரு வருஷம் செல்லும். என் வீட்டுக்காரர் வாங்கினார், ஓட்டவும் செய்தார். சாலை அருமை, லாரிக்காரர்கூட வழிவிடுகிறார். ஆனால் ஒவ்வொரு முறை இடது பக்கம் திரும்பும்போதும் வண்டிக்குள் இருந்த மற்ற மூன்று பேரும் ஒரே குரலில் "வலது பக்கம், வலது பக்கம்!" என்று கத்தினோம். ஓட்டுகிறவர் பேச்சில் கலந்துகொள்ள முடியாது, பக்கத்தில் மேப் பார்க்கிறவரும் முடியாது. நாலு பேர் போன பயணத்தில் பின் சீட்டில் இருந்த இரண்டு பேர்தான் உண்மையில் ஊர் சுற்றினார்கள்.

ஜோத்பூரில் ஓட்டுநரோடு இன்னோவா எடுத்தால் நாலு பேரும் பயணிகள். ஜெய்சல்மேர் 280 கிலோமீட்டர் சொச்சம். ஃபலோடி வழியாகச் சுற்றிப் போகச் சொன்னால் கீச்சன் கிராமத்தில் குர்ஜா கொக்குகளையும் பார்த்துவிடலாம். ஓட்டுநர் எந்த தாபாவில் டீ நன்றாக இருக்கும், எதில் பெண்கள் போகக்கூடிய கழிப்பறை இருக்கும் என்று தெரிந்து வைத்திருப்பார். இந்த அறிவு கூகுளிடம் கிடையாது.

அமெரிக்காவில் வண்டி எடுப்பவர்களுக்கு ஒரு வார்த்தை: எஸ்.யு.வி. வேண்டாம், மினிவேன் கேளுங்கள். தரை தாழ்வு, கதவு பக்கவாட்டில் வழுக்கித் திறக்கும், கால் மடக்கி ஏற வேண்டியதில்லை. வீட்டோடு சேர்ந்த அந்தப் பெரிய ஆர்.வி. வண்டியைப் பார்த்து ஆசைப்படவும் வேண்டாம். அதன் கழிவுத் தொட்டியை நாமேதான் காலி செய்ய வேண்டும்.

யாரும் எழுதாத விஷயம்

அமெரிக்கப் பூங்காக்களில் வழிநெடுகக் கழிப்பறை உண்டு. சுத்தமாகவும் இருக்கும், வெஸ்டர்ன் மேடையும் இருக்கும். ஆனால் ஒதுக்குப்புறமான இடங்களில் இருப்பது குழிக் கழிப்பறை. குழாய் கிடையாது, தண்ணீர் கிடையாது, காகிதச் சுருள் மட்டும். நண்பரின் மனைவி டெத் வேலியில் முதல் தடவை உள்ளே போனவர் அதே வேகத்தில் வெளியே வந்து, "அக்கா, உள்ள தண்ணியே இல்லக்கா!" என்றார். அதற்கப்புறம் குடிக்கிற தண்ணீர் தனி, 'அந்த' பாட்டில் தனி என்று வண்டியில் அடுக்கிவிட்டோம். தாரில் இதற்கு நேர் எதிர். தண்ணீர் இருக்கும், ஆனால் பாதி இடத்தில் குந்தி உட்காரும் பீங்கான்தான். முழங்காலுக்கு அது தண்டனை. இந்த ஒரு விஷயத்தில் அமெரிக்காவுக்கே மதிப்பெண் கொடுக்கிறேன், பாட்டிலோடு.

ஆஸ்பத்திரி பற்றியும் சொல்ல வேண்டும். சி.எம்.சி.யை ஆட்டோ தூரத்தில் வைத்துக்கொண்டு வாழ்ந்து பழகிய நமக்கு இந்த மூன்று இடமுமே தூரம்தான். கிராண்ட் கேன்யன் தெற்கு விளிம்பில் ஒரு கிளினிக் இருக்கிறது, பெரிய ஆஸ்பத்திரிக்கு ஃபிளாக்ஸ்டாஃப் போக வேண்டும். டெத் வேலிக்குள் ஒன்றும் இல்லை, ஃபர்னஸ் க்ரீக்கிலிருந்து நூறு கிலோமீட்டர் அளவில் நெவாடாவின் பரம்ப் வரை போக வேண்டும். வழியில் செல்போன் சிக்னலும் பெரும்பாலும் இருக்காது. ஜெய்சல்மேரில் மாவட்ட ஆஸ்பத்திரி உண்டு, சிக்கலான கேஸ் என்றால் ஜோத்பூர். மூன்று வழியிலும் இன்சுலினை வண்டியில் விட்டுவிட்டு இறங்காதீர்கள்.

பார்ப்பதற்கு என்ன?

முழங்காலுக்கு ஏற்றது எது என்று மட்டும் கேட்டால், ஆச்சரியம், டெத் வேலிதான். பேட்வாட்டர் உப்புப் படுகை கடல் மட்டத்துக்கு 282 அடி கீழே, வட அமெரிக்காவிலேயே தாழ்ந்த இடம். வண்டியை நிறுத்தி நாலு அடி வைத்தால் உப்பின்மேல் நிற்கிறோம். பின்னால் நிமிர்ந்து பார்த்தால் மலைச் சுவரில் ரொம்ப உயரத்தில் 'கடல் மட்டம்' என்று ஒரு பலகை. நம் தலைக்கு மேலே கடல் நிற்க வேண்டிய இடம் அது. பிறகு அதே நாளில் டான்டேஸ் வியூவுக்கு ஏறலாம், 5,475 அடி, உச்சிவரை வண்டி போகும். சற்று முன் நின்ற உப்பு கீழே வெள்ளைக் கோடாகத் தெரியும். அங்கே அமர்கோசா என்று ஒரு ஆறு உண்டு, நம் பாலாறு மாதிரி பெயர்தான் ஆறு, தண்ணீர் பெரும்பாலும் மண்ணுக்கடியில் ஓடுகிறது. ராத்திரி வானமும் அங்கேதான் பிரமாதம். காவலூர் வானாய்வகத்துக்குப் போய் நட்சத்திரம் பார்த்தவர்களுக்கு நான் சொல்வது புரியும். ஜோஷுவா ட்ரீயை விட்டுவிடலாம் என்பது என் கருத்து. பாறை இடுக்கில் நடந்தால்தான் அதன் அழகு, உள்ளே சாப்பாடோ பெட்ரோலோ கிடையாது.

அரிசோனாவில் எல்லோரும் கிராண்ட் கேன்யன் என்பார்கள். அது பெரிசுதான், விளிம்பில் தார் போட்ட பாதை, இலவச பஸ், குறை சொல்ல முடியாது. ஆனால் எங்கள் நாலு பேருக்கும் மனசில் நின்றது பெட்ரிஃபைட் ஃபாரஸ்ட். ஒரு முனையில் நுழைந்து மறு முனையில் வெளியேறும் 28 மைல் சாலை. வழியெல்லாம் கல்லாகிப்போன மரம், சிவப்பும் மஞ்சளுமாகக் குவார்ட்ஸ் ஏறிய அடிமரங்கள், வெட்டிப்போட்ட மாதிரித் துண்டு துண்டாக. பௌர்ணமிக்குத் திருவக்கரை வக்ரகாளியம்மன் கோயிலுக்குப் போகிறவர்கள் பக்கத்தில் கல்மரப் பூங்காவையும் பார்த்திருப்பார்கள். அது ஏறத்தாழ 2 கோடி வருஷம். ஜெய்சல்மேருக்குப் பக்கத்தில் ஆகல் என்ற இடத்தில் இருப்பது 18 கோடி. அரிசோனாவில் 22 கோடி. மூன்றையும் பார்த்துவிட்டால் வீட்டில் வயசு பற்றிப் புலம்புவது குறையும். ஸயானில் சீசனில் சொந்த வண்டி பள்ளத்தாக்குச் சாலைக்குள் போக முடியாது, பஸ்தான். கூட்டத்தில் நின்றுகொண்டே போக வேண்டியிருக்கலாம்.

தார் தேசியப் பூங்காவுக்கு சினிமா மணலை எதிர்பார்த்துப் போனால் ஏமாற்றம்தான். 3,162 சதுர கிலோமீட்டரில் மணல்மேடு ஐந்தில் ஒரு பங்கு அளவுதான். மற்றதெல்லாம் புல்லும் புதரும் பாறையும். அங்கே கதாநாயகன் கானமயில். நாட்டில் எஞ்சியிருப்பதே நூற்றைம்பதைச் சுற்றித்தான் என்கிறார்கள். கனமான பறவை, நேர் எதிரே இருப்பது சரியாகத் தெரியாது, மின்கம்பியில் மோதிச் சாகிறது. பார்க்கக் கிடைக்கும் என்று எந்த வழிகாட்டி சத்தியம் செய்தாலும் நம்பாதீர்கள். கிடைக்காத நாளில் நரியும் கழுகும் சிங்காரா மானும் கிடைக்கும். சாம் மணல்மேட்டுக் கூடாரங்களில் ராத்திரி பாட்டுச் சத்தம் காதைக் கிழிக்கும், குரி பக்கம் தங்குவது நல்லது. மணலில் ஜீப் குதிக்கும் சவாரி முதுகுக்கு ஆகாது. ஒட்டகமும் அப்படியே, எழுந்திருக்கும்போது முன்னால் ஒரு தள்ளு, பின்னால் ஒரு தள்ளு.

சாப்பாடு, பணம்

அமெரிக்காவில் புளிக்காய்ச்சல், பருப்புப் பொடி, குட்டி ரைஸ் குக்கர் மூன்றும் பெட்டியில் இருந்தால் கவலையில்லை. தாரில் பெட்டியே வேண்டாம். கம்பு ரொட்டியும் கேர் சாங்ரியும் போதும். சாங்ரி என்பது வேறொன்றும் இல்லை, நாம் கோயிலில் சுற்றும் வன்னி மரத்தின் காய். காயவைத்து, ஊறவைத்து, எண்ணெயில் வதக்கிக் கொடுக்கிறார்கள், லேசான புளிப்பும் புகை வாசமும். அந்த மரத்தை வெட்டவிடாமல் காக்க 1730-இல் ஜோத்பூர் பக்கம் கேஜர்லி கிராமத்தில் பிஷ்னோய் சமூகத்தினர் 363 பேர் உயிரைக் கொடுத்திருக்கிறார்கள். டெத் வேலியில் மணல்மேட்டு ஓரம் நிற்கும் மெஸ்கீட் மரமும் வன்னிக்கும் நம் ஊர் வேலிகாத்தானுக்கும் உறவுதான். அங்கேயுள்ள டிம்பிஷா ஷோஷோனி பழங்குடிகள் அதன் காயை இடித்து மாவாக்கிச் சாப்பிட்டார்கள். வேலிகாத்தான் காயை நம்மூரில் ஆடுதான் தின்கிறது.

பணத்தில் புதிய விஷயம் ஒன்று. 2026 ஜனவரி முதல் அமெரிக்காவில் வசிக்காதவர்களுக்கு தேசியப் பூங்கா ஆண்டுப் பாஸ் 250 டாலர். பாஸ் இல்லாமல் போனால் கூட்டம் அதிகமுள்ள 11 பூங்காக்களில் வழக்கமான கட்டணத்தோடு தலைக்கு 100 டாலர் கூடுதல். கிராண்ட் கேன்யன், ஸயான், பிரைஸ் மூன்றும் அந்தப் பட்டியலில் இருக்கின்றன. டெத் வேலி, ஜோஷுவா ட்ரீ, பெட்ரிஃபைட் ஃபாரஸ்ட் இல்லை. 62 வயதானவர்களுக்கான மலிவு பாஸ் அந்நாட்டுக் குடிமக்களுக்கும் நிரந்தரமாக வசிப்பவர்களுக்கும் மட்டும்தான். மகன் "சீனியர் பாஸ் வாங்கித் தரேம்மா" என்றால் நம்பிவிட வேண்டாம்.

சரி, எது? பிள்ளைகளில் யாராவது ஒரு வாரம் முழுசாக லீவு போட்டு ஓட்டத் தயார் என்றால் அரிசோனா, கிராண்ட் கேன்யனோடு நிறுத்திக்கொண்டு கிழக்கே பெட்ரிஃபைட் ஃபாரஸ்ட். லாஸ் வேகஸுக்கு எப்படியும் குளிர்காலத்தில் போகிறீர்கள் என்றால் மட்டும் டெத் வேலி, இரண்டு ராத்திரி. மற்ற எல்லோருக்கும் தார். என் வீட்டுக்காரர் இதை ஒத்துக்கொள்ளவில்லை, டான்டேஸ் வியூவுக்கு ஈடு எதுவும் இல்லை என்கிறார். நண்பர்கள் இருவரும் என் பக்கம். மூன்றுக்கு ஒன்று என்பதால் வரும் தைக்கு மறுபடி ஜோத்பூர் வண்டியைப் பேசியிருக்கிறோம், நடு வரிசையில் தனித்தனி சீட் உள்ளதாகக் கேட்டு.