ஃபானியும் அலெக்சாந்தரும்: 188 நிமிடமா, 312 நிமிடமா?

இங்மார் பெரிமான் நாடகம், சினிமா, தொலைக்காட்சி மூன்றிலும் சளைக்காமல் உழைத்த ஸ்வீடிஷ் இயக்குநர். ‘ஃபானியும் அலெக்சாந்தரும்’ என்ற ஒரே கதைக்கு இரண்டு பதிப்பு விட்டுப்போனார். 1982 டிசம்பரில் திரையரங்குக்கு வந்தது 188 நிமிடம். தொலைக்காட்சித் தொடர் 312 நிமிடம்.

ஆஸ்கர் விருது நான்கும் வாங்கியது குறும்பதிப்பு. ஒளிப்பதிவாளர் ஸ்வென் நிக்விஸ்டுக்கும் அதில் ஒன்று. படச்சட்டமும் வெளிச்சமும் இரண்டிலும் ஒன்றுதான். வித்தியாசம் கத்தரியில்.

ஓர் உதாரணம். குழந்தைகள் அறையில் ஃபானி, அலெக்சாந்தரின் அப்பா ஆஸ்கர் ஒரு சாதாரண நாற்காலியைக் காட்டி, அது சீனப் பேரரசிக்குச் செய்யப்பட்டது என்று கதை விடுவார். சாதாரண மரத்துக்கு மாயம் ஏறும். இது நீளப் பதிப்பில் மட்டும்தான். குறும்பதிப்பில் இது இல்லாததால், அப்பா இறந்தபின் ஆவியாக வருவது கொஞ்சம் திடுதிப்பென்று தெரியும். அலெக்சாந்தரின் கற்பனை எங்கே முளைத்தது என்ற வேர் தெரியாது. இப்படி வெட்டியது பெரிமானுக்கே வலித்தது.

முதல்முறை பார்ப்பவர்களும் நீளத்தையே எடுக்கலாம், ஒரே மூச்சில் வேண்டாம். கிறிஸ்துமஸ் விருந்துப் பகுதி ஏறக்குறைய ஒன்றரை மணி நேரம். அது முடிந்ததும் நிறுத்திவிட்டு மறுநாள் தொடருங்கள். ஒரே மாலைதான் இருக்கிறது என்றால் குறும்பதிப்பு, பாதகமில்லை.

வட்டோ ஸ்ட்ரீமிங்கோ, முதலில் ஓடும் நேரத்தைப் பாருங்கள். தலைப்பு இரண்டுக்கும் ஒன்றே. ஐந்து மணி நேரத்தைத் தாண்டினால்தான் தொடர்.