டீலர்ஷிப் ரத்தானால் ரிட் மனுவா, ஆர்பிட்ரேஷனா?

கோத்தகிரியில் எங்கள் பெட்ரோல் பங்க் இரண்டு மாதம் பூட்டிக் கிடந்தது. பெட்ரோல் சாம்பிள் தேறவில்லை என்று எண்ணெய் நிறுவனம் டீலர்ஷிப்பையே ரத்து செய்துவிட்டது. நிறுவனத்துக்குள் செய்த மேல்முறையீடும் பலிக்கவில்லை. மிச்சம் இரண்டு வழி. ஒப்பந்தத்தில் சொல்லியிருக்கும் ஆர்பிட்ரேஷன், அதாவது நீதிமன்றத்துக்கு வெளியே ஒரு நடுவர் விசாரித்துத் தீர்ப்பது ஒன்று. ரத்து உத்தரவை நீக்கச் சொல்லி அரசியல் சாசனம் 226-வது பிரிவின்படி உயர் நீதிமன்றத்தில் நேராகப் போடும் ரிட் மனு இன்னொன்று. நான் ரிட் போட்டேன். இப்போது குன்னூர் நண்பர் ஒருவர் அதே போன்ற நோட்டீஸைக் கையில் வைத்துக்கொண்டு எந்த வழியில் போகலாம் என்று கேட்கிறார், அதனால் எழுதுகிறேன்.

அலைச்சல் இரண்டிலும் உண்டு. கொடைக்கானல்காரர்களுக்கு உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளை இருக்கிறது. நமக்குச் சென்னைதான், மேட்டுப்பாளையம் இறங்கி நீலகிரி எக்ஸ்பிரஸ் பிடிக்க வேண்டும். ஆர்பிட்ரேஷன் என்றால் நிறுவன அதிகாரியே நடுவராக உட்காருவார் என்ற பழைய பயம் இனி வேண்டாம். 2015 சட்டத் திருத்தத்துக்குப் பிறகு அப்படி ஊழியரை அமர்த்த முடியாது.

என்னை முடிவெடுக்க வைத்தது ஒரே கேள்விதான்: பங்க் திரும்பக் கிடைக்குமா?

அமிர்தசரஸ் கேஸ் சர்வீஸ் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொன்னதைப் படியுங்கள். 30 நாள் நோட்டீஸில் முடித்துக்கொள்ளக்கூடிய ஒப்பந்தம் அது. கேஸ் ஏஜென்சியைத் திருப்பிக் கொடு என்று நடுவர் போட்ட உத்தரவு நிற்கவில்லை, அந்த 30 நாளுக்கான நஷ்டஈடுதான் கிடைத்தது. நம் ஒப்பந்தங்களிலும் இதுபோன்ற பிரிவு இருக்கும். பங்க் பூட்டியதும் எங்களிடம் கணக்கு வைத்திருந்த பச்சைத் தேயிலை வண்டிகள் வேறு பங்குக்குப் போய்விட்டன. ஒரு மாதக் கமிஷன் கைக்கு வந்தால் அவை திரும்பி வருமா?

ரிட்டில் ரத்து உத்தரவையே உடைக்கலாம். ஒப்பந்தத்தில் ஆர்பிட்ரேஷன் இருக்கிறதே என்று நிறுவனத் தரப்பு கட்டாயம் சொல்லும். ஆனால் இயற்கை நீதி, அதாவது நம் தரப்பைச் சொல்ல நியாயமான வாய்ப்பு தரும் முறை, மீறப்பட்டிருந்தால் அது ரிட்டுக்குத் தடையில்லை என்று 2002-ல் ஹர்பன்ஸ்லால் சானியா வழக்கிலேயே தீர்ப்பு வந்துவிட்டது. அதுவும் பங்க் வழக்குதான்.

எங்களைக் காப்பாற்றியது எங்களிடம் கொடுத்த சாம்பிளை வைத்து பீரோவில் பூட்டியிருந்த மரப்பெட்டி. பெட்ரோல், டீசல் விற்பனைக்கான மத்திய அரசின் 2005 கட்டுப்பாட்டு ஆணைப்படி பெட்ரோல் என்றால் ஒரு லிட்டர் வீதம் ஆறு சாம்பிள் எடுக்க வேண்டும், அதில் இரண்டு டீலருக்கு. கண்ணாடி அல்லது அலுமினியக் கொள்கலனில்தான் எடுக்கலாம், பிளாஸ்டிக் கூடாது. எங்கள் இரண்டு அலுமினியக் கேன்களிலும் சீல் அப்படியே இருந்தது, சீட்டில் அதிகாரியின் கையெழுத்தும் இருந்தது. ரத்துக்கு முன் விளக்கம் கேட்டு வந்த ஷோகாஸ் நோட்டீஸுக்கு எழுதிய பதிலிலேயே, எங்கள் சாம்பிளையும் சோதியுங்கள், சோதிக்கும்போது எங்களைக் கூப்பிடுங்கள் என்று கேட்டிருந்தோம். பதிலே வரவில்லை. சோதனைக்கு முன் டீலருக்குத் தகவல் தர வேண்டும் என்று 2010-ல் சூப்பர் ஹைவே சர்வீசஸ் வழக்கில் உச்ச நீதிமன்றம் வலியுறுத்தியதை எங்கள் வக்கீல் எடுத்து வைத்தார். எங்கள் பெட்ரோல் சுத்தம் என்று நீதிபதி சொல்லவில்லை. ரத்தை நீக்கி, எங்கள் சாம்பிளைச் சோதித்துப் புதிதாக முடிவெடுக்கச் சொன்னார். சோதனையில் தேறியது, பங்க் திறந்தது.

எல்லா வழக்கிலும் ரிட் எடுபடும் என்று சொல்ல மாட்டேன். பம்புக்குள் கூடுதல் உறுப்பு வைத்தார்கள், மீட்டர் சீலை உடைத்தார்கள் என்பது போன்ற குற்றச்சாட்டு என்றால் சாட்சி விசாரிக்க வேண்டும். ரிட் நீதிமன்றம் பொதுவாக அதற்குள் இறங்காது, ஆர்பிட்ரேஷனுக்கே போகச் சொல்லிவிடலாம். அபராதமாகப் பிடித்த பணம் மட்டும்தான் பிரச்சினை என்றாலும் அந்த வழி போதும். கூடலூரில் எனக்குத் தெரிந்த டீலர் ஒருவர் அப்படித்தான் வாங்கினார். நான் அந்தப் பக்கம் போனதில்லை, அவர் சொல்லிக் கேட்டதுதான்.

குன்னூர் நண்பரே, முதலில் உங்கள் சாம்பிள் பெட்டி எங்கே என்று பாருங்கள். சீலைத் தொடாதீர்கள், எண் தெரியும்படி போட்டோ எடுங்கள். மறுசோதனை கேட்கும் கடிதத்தை நாளைக் காலையிலேயே பதிவுத் தபாலில் போடுங்கள். வக்கீலை அப்புறம் பார்க்கலாம்.